ஒரு படி பொம்மிடிக் கோதுமை

"கண்ணு, இந்தச் சாக்குல என்னா எழுதியிருக்குது?"

"பஞ்சாப்னு போட்டிருக்குதுங்கக்கா."

"அது எங்க இருக்குது?"

"வடக்க. ரயில்ல மூணு நாளாவது ஆவும்."

"மூணு நாளா! அங்கியும் கேவுருதானா?"

"இல்லீங்க. அங்க கோதுமைதான்."

"சாமியாரு பூசையில தூக்கிக் காட்டுற வெள்ளை அப்பம், ஓஸ்தி, இந்தக் கோதுமையிலதான பண்றாங்க?"

"ஆமாங்க. கோதுமை மாவும் தண்ணியும். வேற எதுவும் சேக்கக் கூடாது."

"நம்ம மண்ணுல போட்டா வருமா?"

"தெரியலீங்களே."

"தெரியலன்னா போட்டுப் பாத்துட்டாப் போவுது."

1971ஆம் ஆண்டு ஆனி மாதம், பொம்மிடி ஸ்டேஷன் கூட்ஸ் ஷெட்டில் மதலேனம்மாளுக்கும் எனக்கும் நடந்த பேச்சு இது. என் அப்பா அங்கே கிளார்க். பி.யு.சி. முடித்து வீட்டில் இருந்த நான் மதியச் சாப்பாடு கொண்டுபோவேன். மதலேனம்மாள் கிழிந்த மூட்டைகளைக் கோணியூசியால் தைத்து, சிந்தியதைக் கூட்டிப் புடைப்பவர். வயது நாற்பது இருக்கும். அன்று அப்பாவிடம் கேட்டு, சிந்திய கோதுமையில் நான்கு கைப்பிடி வாங்கிக்கொண்டார். இரண்டை விதைக்க எடுத்துவைத்தார். இரண்டைத் துணியில் முடிந்து மண்பானைக்குள் போட்டார்.

அவருடைய ஆசை சிறியது. ஒவ்வொரு பொங்கலுக்கும் ஊர்க்காரர்கள் கேழ்வரகும் அவரைக்காயும் எங்கள் மாதா கோயிலுக்குக் கொண்டுபோய் மந்திரித்து வாங்கி வருவார்கள். பீடத்தின் மேல் ஏறுவது மட்டும் எங்கோ விளைந்த தானியம், பார்சலில் வரும் ஓஸ்தி. "நாங்க வெதைச்சது ஒரு வாட்டியாவது மேல ஏறணும். பாஸ்காவுக்கு ஏறணும்" என்றார்; ஈஸ்டரைத்தான் அப்படிச் சொல்வோம். சாமியாரிடமும் சொல்லிவிட்டார். அவர் சிரித்துவிட்டு, "வெளைஞ்சா கொண்டா" என்றார். ஞாயிற்றுக்கிழமைக்குள் ஊர் முழுக்கத் தெரிந்துவிட்டது.

ஓஸ்தி சுடும் கன்னியர் மடத்துத் தாயாருக்குத் தமிழ் சரளமாக வராது. நான் ஆங்கிலத்தில் கடிதம் எழுதினேன். ஒரு படி சுத்தமான கோதுமை வந்தால் செய்து தருவதாகப் பதில் வந்தது. மதலேன் அக்கா அதை மூன்று முறை படிக்கச் சொல்லிக் கேட்டார்.

கிணற்றோரம் ஒரு சென்ட் நிலம். அவர் கணவர் மரியசூசை கத்திரி நாற்றுக்கு வைத்திருந்த இடம் அது.

"ஏண்டி, சாமிக்குக் கேவுரு களி ஆவாதா? நம்மூர்ல பொறந்திருந்தா அதைத்தான கையில எடுத்திருப்பாரு?"

"களியத் தூக்கிக் காட்டுனா சாமியாரு கையெல்லாம் ஒட்டிக்கும். யாரு கழுவி வுடுறது, நீங்களா?"

ஆடியில் மழை விழுந்ததும் கேழ்வரகோடு கோதுமையையும் விதைத்தார். எங்கள் பக்கம் எதையும் அப்போதுதான் விதைப்பார்கள். பயிர் அடர்ந்து பச்சையாக எழுந்தது. அக்கா வழியில் போகிறவர்களை எல்லாம் கூப்பிட்டுக் காட்டினார். புரட்டாசியில் இலையெல்லாம் துருநோய் பிடித்தது. தலைநீட்டிய கதிரை நசுக்கினால் பால் இல்லை, வெறும் உமி. மரியசூசை அறுத்து மாட்டுக்குப் போட்டார்.

"மாடு மோட்சத்துக்குப் போயிடும்" என்றார்.

அன்று அக்கா எங்கள் வீட்டுக்கே வந்தார். "ஏன் ஏமாத்திருச்சின்னு ஒன் புஸ்தகத்துல இருக்குதா, பாரு" என்றார்.

பள்ளிக்கூடத்துப் பூகோளப் புத்தகத்தை எடுத்து, படிக்கப் படிக்கத் தமிழில் சொன்னேன். அசாமில் மழை அதிகம், சரிவான நிலம், அதனால் தேயிலை. கேரளத்தில் வெப்பமும் ஈரமும் குறைவதில்லை, தென்னை. ராஜஸ்தானில் மழையே அரிது, முள்ளும் கம்பும். பஞ்சாபில் மழைக்காலம் முடிந்த பிறகு ஐப்பசி, கார்த்திகையில் கோதுமை விதைக்கிறார்கள்; குளிரில் வளர்ந்து, வெயில் ஏறும்போது முற்றுகிறது.

அக்கா ஜன்னல் வழியே சேர்வராயன் மலையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அந்த மலை மேல குளுரு, அதான் காப்பி காய்க்குது. கீழ எறங்குனா நம்ம கேவுரு. தொப்பூருப் பக்கம் போனா மழையில்ல, முள்ளு. இதுக்கு மூணு நாள் ரயில்ல போவணுமா, கண்ணு? ஒரு நாள் நடந்தாப் பாத்துடலாம்."

"ஆமாங்கக்கா."

"அப்பிடின்னா தப்பு மண்ணுல இல்ல, மாசத்துல. நான் மழைக்கு வெதைச்சிட்டேன். அது பனிக்குப் பொறந்தது. மார்கழியில இங்கியும் பல்லு கிடுகிடுங்குதே! நாம பஞ்சாபுக்குப் போவ வேணாம். அந்தக் குளுரு நம்மூருக்கு வர்ற மாசமாப் பாத்துப் போடணும்."

புத்தகத்தில் அந்த வரி இல்லை. நான் மூடிவைத்தேன்.

பானைக்குள் இருந்த முடிச்சு கார்த்திகை முதல் வாரம் அவிழ்ந்தது. "இதோட கடைசி. அப்புறம் கத்திரிதான்" என்று மரியசூசை விரலை நீட்டிச் சொன்னார். இம்முறை பயிர் குட்டையாக, அழுத்தமான பச்சையில் நின்றது. மார்கழி விடியலில் பனி அதன் மேல் வெள்ளையாகக் கிடக்கும். ஊரே நடுங்கிக்கொண்டு போர்வைக்குள் இருக்க, அக்கா மட்டும் வரப்பில் நின்று, "இன்னும் குளுரட்டும், இன்னும் குளுரட்டும்" என்பார். தையில் கதிர்ப் பூட்டை வெளியே வந்தது. ஒரு கதிரைக் கிள்ளி நசுக்கினார். நகத்தில் வெள்ளையாகப் பால். அதை என் உள்ளங்கையில் தடவிவிட்டு, வரப்பிலேயே முழங்காலிட்டுச் சிலுவை போட்டுக்கொண்டார்.

பிறகு குருவிகள் வந்தன. தகரத்தைத் தட்டி விரட்ட யார் உட்கார்ந்தது என்று நினைக்கிறீர்கள்? மரியசூசைதான். "கத்திரிக்காயா இருந்தா இந்தத் தொல்லை உண்டா?" என்று திட்டிக்கொண்டே மாசி முழுவதும் உட்கார்ந்திருந்தார்.

அறுத்து, தட்டி, தூற்றி, படியில் அளந்தபோது தலை தட்டி ஒரு படி, மேலே இரண்டு பிடி. மடத்துக்கு நானும் அக்காவும் பஸ்ஸில் கொண்டுபோனோம். மடியில் வைத்த பையை அவர் ஒரு முறைகூடக் கீழே இறக்கவில்லை.

பாஸ்கா பூசையில் ஓஸ்தி வழக்கத்தைவிடக் கொஞ்சம் பழுப்பாக இருந்தது. சாமியார் அதைத் தூக்கிப் பிடித்தபோது, தலைகுனிய வேண்டிய நேரத்தில் ஊர் மொத்தமும் தலைநிமிர்ந்து பார்த்தது. "நம்ம கெணத்துத் தண்ணியில வெளைஞ்சது" என்று மரியசூசை பக்கத்திலிருந்தவரிடம் சொன்னது, ஆண்கள் பக்கத்திலிருந்து எங்களுக்குக் கேட்டது. மீதி இரண்டு பிடி விதைக்கென்று பானைக்குள் போனது.

ஆனியில் ஆசிரியர் பயிற்சிக்காக நான் பெங்களூருக்குப் புறப்பட்டேன். ரயில் நிற்கும் இரண்டு நிமிடத்தில் மதலேன் அக்கா கோணியூசியும் கையுமாக ஷெட்டிலிருந்து ஓடிவந்து, ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டார்.

"கண்ணு, பூசைக்குத் திராட்சை ரசமும் வேணுமில்ல? பெங்களூர்ப் பக்கம் திராட்சை காய்க்குதாம். லீவுக்கு வர்றப்ப ஒரு மொழம் கொடி ஒடிச்சிட்டு வா. கொடிய மட்டும் கொண்டாந்துடாத. அங்க எந்த மாசம் மழை, எந்த மாசம் குளுரு, எந்த மாசம் நடுறாங்க, எல்லாம் கேட்டு எழுதிட்டு வா."