மறைத்த முகமும் மறைக்காத கம்பளமும்

பெகிமாய் இருபது வருடமாக ஆவணப்பட ஒளிப்பதிவாளர். நல்ல காரியத்துக்கு அவளை யாரும் கூப்பிட்டதில்லை. ருஷ்யாவுக்கு வேலைக்குப் போய்ப் பெட்டியில் திரும்பியவர்கள், குடியால் அழிந்த குடும்பங்கள், தூக்கிக்கொண்டு போய் மணமுடிக்கப்பட்ட பெண்கள் என்று அவள் கேமரா பார்த்ததெல்லாம் வயிற்றெரிச்சல்தான்.

"என்னிக்காவது ஒரு கல்யாணத்த எடேன்" என்பான் கணவன்.

"கல்யாணத்தத்தானே எடுத்துக்கிட்டிருக்கேன்" என்பாள்.

கிர்கிஸ் மலையூரான கோச்கோரில் சாய்ரகுல் என்பவளைப் பேசவைக்க ஒரு வருடம் டீ குடிக்க வேண்டியிருந்தது. பத்தொன்பது வயதில் கல்லூரிக்குப் போகும் வழியில் அவளைக் காரில் தூக்கிப் போட்டுக்கொண்டு போனார்கள். அந்த வீட்டுப் பெண்கள் தலையில் வெள்ளைத்துணியைக் கட்டிவிட்டார்கள்; அதோடு கல்யாணம் ஆனதாகக் கணக்கு. மறுநாள் அப்பா தோக்தோசுன் வாசலில் வந்து நின்றார். கைகலப்பில் அவருக்கு ஏதாவது ஆகிவிடுமோ என்ற பயத்தில், "நானாத்தான் வந்தேம்ப்பா, போங்க" என்று அனுப்பிவிட்டாள். அதன்பின் அவர் அந்த வீட்டுப் படியை மிதிக்கவேயில்லை.

"முகம் வேணாம்க்கா, குரலும் மாத்திடுங்க. நான் சொன்னது பொய்னு அப்பாவுக்குத் தெரிஞ்சா தாங்கமாட்டாரு."

பெகிமாய் வாக்குக் கொடுத்தாள். குரலை மாற்றி, கைகளை மட்டும் காட்டினாள்.

டிவியில் படம் ஓடியபோதுதான் பெகிமாய் அதைக் கவனித்தாள். கைகளுக்குக் கீழே கம்பளம். சிவப்பு, கறுப்புக் கம்பளியை ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து ஒரே வெட்டாக வெட்டுவது எங்கள் கிர்கிஸ் வழக்கம். ஒன்றில் சிவப்பாக வரும் பூ மற்றதில் கறுப்பாக வரும், எப்போதும் ஜோடிதான். இது சாய்ரகுல் மணமாகுமுன் தைத்த ஜோடியில் ஒன்று; மற்றது அவள் அப்பா வீட்டில் கிடந்தது, பார்த்ததுமே அவருக்குத் தெரிந்துவிடும். பிறந்ததிலிருந்து கம்பளத்திலேயே உட்கார்ந்து வளர்ந்த பெகிமாயின் கண்ணில் படமெடுக்கும்போது அது படவே இல்லை. தலையில் அடித்துக்கொண்டாள்.

சாய்ரகுல் வீட்டில் ஃபோனை யாரும் எடுக்கவில்லை. விடிந்ததும் கோச்கோருக்குக் காரை விரட்டிக்கொண்டு போனாள்.

மகள் வீட்டுக்குள்ளே தோக்தோசுன் அந்தக் கம்பளத்தின்மேல் சம்மணமிட்டு உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தார். மாப்பிள்ளை அவரைக் கண்டதுமே ஆட்டைப் பார்க்கிற சாக்கில் நழுவியிருந்தான்.

"மூஞ்சிய ஒளிச்சிட்டு கம்பளத்த காட்டின கெட்டிக்காரி நீதானா?"

"தப்பு பண்ணிட்டேன் ஐயா. மன்னிச்சிடுங்க."

"கேமரா கொண்டுவந்திருக்கியா?"

"கார்ல இருக்கு."

"எடுத்துட்டு வா. அன்னிக்கி இவ 'நானாத்தான் வந்தேன்'னப்ப கண்ணு ரெண்டும் வீங்கியிருந்திச்சு. நான் பார்த்தேன். பார்த்துட்டுத்தான் நம்புன மாதிரி திரும்பிப் போனேன். பயம். அப்புறம் வெக்கம். இருபத்திரண்டு வருஷம் எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு இங்க வருவேன்? இத எடும்மா. என் முகத்த மறைக்காத."

பெகிமாய்க்குப் போன உயிர் திரும்பி வந்தது. சாய்ரகுல் அழுதாள், உடனே சிரித்தாள், அவர் கிண்ணத்தை வாங்கி மறுபடி நிரப்பினாள்.

"மொதல்ல டீய குடிங்கப்பா. எடுக்கறத சாயங்காலம் எடுத்துக்கலாம். இன்னிக்கி நீங்க எங்கயும் போகப்போறதில்ல."