மீன்முள்ளக்காவின் கை

எங்கள் கோட்டுத் தையல்கூடத்தில் அவளுக்கு மீன்முள்ளக்கா என்று பெயர். மீனுக்கும் அவளுக்கும் ஏழாம் பொருத்தம். மீன் இருக்கும் பக்கமே தலைவைக்க மாட்டாள். ஆனால் மீன்முள் போல இரண்டு பக்கமும் சாய்ந்து ஓடும் கோடு போட்ட துணியை அவள்தான் இணைக்க வேண்டும். முதுகின் நடுத்தையலில் முள்ளும் முள்ளும் முனைக்கு முனை முட்டணும். ஒரு நூல் நழுவினாலும் போட்டவன் முதுகு கோணலாகத் தெரியும். நாங்கள் குண்டூசி குத்திக் குத்திச் சரிபார்ப்போம். அக்கா உள்ளங்கையால் ஒரு தடவு தடவுவாள், அவ்வளவுதான்.

அந்தக் கை சும்மாவே இருக்காது. முற்றத்துச் செங்கல்லையும் அதே மீன்முள் வாக்கில்தான் பதித்திருந்தார்கள். அதில் ஒன்று ஆடினாலும் குனிந்து அழுத்திவிட்டுத்தான் உள்ளே வருவாள். "உங்க அப்பன் வீட்டுத் தரையாக்கா?" என்று கிண்டல் செய்வேன்.

கூடத்தை இரண்டாக்கிப் பாதியை இரண்டு நாள் ரயில் தூரத்துக்குக் கொண்டுபோனபோது, இஸ்திரி போடும் அவள் கணவரை அங்கே மாற்றினார்கள். அங்கே அவர் தங்கை இருந்ததால், தத்தித்தத்தி நடந்த மகளும் கூடப் போனாள். அக்காவை மட்டும் முதலாளி விடவில்லை.

"நீ போனா இந்தத் துணிய யாரும்மா சேக்கிறது?"

லீவு கேட்டால் ஆர்டரைக் காட்டுவார். வேலையை உதறினால் ஒருவர் சம்பளத்தில் வீடு ஓடாது. சொதப்புகிறவர்களைத்தான் பொறுக்கி அங்கே தள்ளுவார் அந்த மனுஷன்.

ஒரு வருஷத்துக்கு மேல் ஓடிப்போனது. ஒருநாள் அவளுடைய பட்டன் போனில் மகள், "அம்மா குளிக்கிறாங்க" என்றாள். அத்தையைத்தான் அம்மா என்று சொன்னாள். அன்று அக்கா சாப்பாட்டைத் தொடவில்லை.

"ஒரே ஒரு கோட்டக் கெடுக்கா. அடுத்த ரயில்ல உன்ன ஏத்திடுவாரு," என்றேன்.

"கெடுத்துடறேன்டி."

கெடுத்தாள். என் கண்ணெதிரே அரை விரல் தள்ளித் தைத்தாள். எனக்குக் குஷி தாளவில்லை. அந்தக் குஷியிலேயே அதன் முன்பக்கத்தில் பட்டன் துளைகளுக்குக் காஜா எடுத்தேன், டீ குடிக்கவும் போய்வந்தேன்.

முதலாளி வந்து கோட்டை விரித்தார். "அடேங்கப்பா! தையல் எங்க இருக்குன்னே தெரியலையே!"

பார்த்தால், முள்ளெல்லாம் முனைக்கு முனை முட்டிக்கொண்டு நிற்கின்றன. நான் டீக்குப் போன நேரத்தில் பிரித்துச் சரியாகத் தைத்திருக்கிறாள், பாவி!

"ஏன்க்கா இப்படிப் பண்ணே?" என்று பல்லைக் கடித்தேன்.

"கோணலா கிடந்துச்சுடி. பாக்க முடியல. கை தானா போயிடுச்சு," என்றவள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள்.

முதலாளி கோட்டைத் திருப்பினார். "இந்தக் காஜாவ எடுத்த மகராசி யாரு? ஒண்ணு வானத்தப் பாக்குது, ஒண்ணு பூமியப் பாக்குது!"

அடுத்த வாரமே என்னை அந்த ஊருக்குத் தூக்கியடித்தார்.

அக்கா வெட்டுத்துண்டுகளைச் சேர்த்து மகளுக்கு ஒரு கவுன் தைத்துக் கொடுத்தாள். ஒரு முள்கூட விலகவில்லை. போய் இறங்கிய அன்றே அவர்கள் வீட்டுக்குக் கொண்டுபோனேன். குழந்தை ஆசையாகத் தலையை நுழைத்தாள். தோளுக்குக் கீழே கவுன் இறங்கவில்லை. பிரிந்தபோதிருந்த அளவுக்குத் தைத்திருக்கிறாள் அக்கா.

"அம்மா! மாட்டிக்கிச்சு! எடுத்துவிடுங்க!" என்று துணிக்குள்ளிருந்து கத்தினாள் குழந்தை.

சமையலறையிலிருந்து அத்தை ஓடிவந்தாள்.

சாயங்காலம் அக்கா போன் செய்தாள். "அளவு சரியா இருந்துச்சாடி?"

"அளவெடுத்துத் தச்ச மாதிரி இருக்குக்கா," என்றேன்.