நர்மதா போடாத செய்தி

எனக்கு நர்மதாவைக் கண்டாலே பத்திக்கினு வரும். மறைக்க இன்னா கீது? ரெண்டு பேரும் திருவொற்றியூர், ரெண்டு பேரும் ஒரே பேப்பர்ல நிருபர். அவ எனக்கு அப்புறம் வந்து சேர்ந்தவ. வந்த புதுசுல காசிமேட்டு மீன் விலை எழுதிக்கினு இருந்தா. திடீர்னு ஒரு நாள் சாப்பாடு டெலிவரி கம்பெனில சேர்ந்து, முதுகுல பையை மாட்டிக்கினு ராயபுரம் பூரா வண்டி ஓட்டுனா. "இன்னாடி, வேலை போச்சா?"ன்னு சிரிச்சேன். அவ எழுதுன தொடர் வந்தப்புறம் தான் வாயை மூடுனேன். லிப்ட்ல ஏற விடாத அபார்ட்மெண்ட், மழையில லேட்டானாலும் ஸ்டாரைக் குறைக்கிற ஆப், ஒண்ணையும் விடல. டெல்லிக்குக் கூப்ட்டு விருது குடுத்தாங்க. இப்ப டெலிவரி பசங்களுக்கு ஒரு கஷ்டம்னா எங்க ஆசிரியர் வாயில நர்மதா பேரு தான் வரும். நான் இன்னும் கவுன்சிலர் திறந்து வச்ச தண்ணிப் பந்தலை எழுதிக்கினு கீறேன்.

அப்பதான் என் தம்பி பாஸ்கரோட ஐடியை ஆப் முடக்கிடுச்சு. அவனும் டெலிவரி தான், வேற பொழப்பு கிடையாது. காலைல வேலை ஆரம்பிக்கும்போது ஆப் மூஞ்சியைப் படம் புடிக்கும், சேரும்போது குடுத்த போட்டோவோட ஒத்துப் போகணும். ஒத்துப் போகலையாம். சத்தியமா சொல்றேன், ஐயோ பாவம்னு தோணுறதுக்கு முன்னாடி எனக்கு செய்தி மாட்டுச்சுன்னு தோணுச்சு.

"சொல்றா, நான் எழுதுறேன்."

"ஒண்ணுமில்லக்கா, வுடு."

மறுநாள் பாத்தா, ஸ்டேஷன் எதிர டீக்கடையில நர்மதா கூட குந்திக்கினு கதை கதையா சொல்லிக்கினு கீறான். எனக்கு எப்டி இருக்கும்? கூடப் பொறந்த தம்பி! வூட்டுக்கு வந்ததும் புடிச்சு உலுக்குனேன். தலையைக் குனிஞ்சிக்கினு சொன்னான். சேரும்போது ஸ்டூடியோ போட்டோவை ஏத்தியிருக்கான். ஸ்டூடியோகாரன் டச்சப் பண்ணி இவனை செக்கச்செவேல்னு ஆக்கி வச்சிருக்கான். கல்யாணத்துக்கும் ஆகும்னு இவனும் பல்லை இளிச்சிக்கினு வாங்கினு வந்துட்டான். எண்ணூர் வெயில்லயும் கரித்தூசுலயும் சுத்துற மூஞ்சி அதோட எங்க ஒத்துப் போகும்? அதனால தினமும் பவுடரை அப்பிக்கினு தான் ஆப்புக்கு மூஞ்சியைக் காட்டியிருக்கான். அன்னிக்கு வேர்வையில பவுடர் வழிஞ்சு ஓடிடுச்சு.

அடேங்கப்பா, எப்பேர்ப்பட்ட செய்தி! மொதப் பக்கம் நிச்சயம். அதுவும் அவளுக்குப் போச்சேன்னு எனக்கு சோறு எறங்கல.

அடுத்த நாள் பேப்பர்ல அது வரல. அதுக்கடுத்த நாளும் வரல. அந்த வாரத்துலயே அவ பாஸ்கரைக் கம்பெனி ஆபீசுக்குக் கூட்டிக்கினு போய், கத்தி சண்டை போட்டு, போட்டோவை மாத்தி ஐடியைத் திறக்க வச்சிட்டா.

"ஏண்டி எழுதல?"ன்னு கேட்டேன்.

"அவன் வாணாம்னான் ப்ரியா. தெருவுல சிரிப்பாங்கன்னு அழுதான். பொண்ணு வேற பாக்குறீங்களாமே."

வூட்டுக்குப் போய் பாஸ்கர் கிட்ட எகிறுனேன். "என்கிட்ட சொல்லியிருந்தா, நானும் ஆபீசுக்கு வந்து கேட்டிருப்பேன்ல?"

"வந்திருப்பக்கா. ஆனா என் மூஞ்சி மறுநாள் பேப்பர்ல வந்திருக்கும்."

இல்லடான்னு சொல்ல வாயெடுத்தேன். ஆனா அந்த செய்திக்கு தலைப்பு கூட யோசிச்சு வச்சிருந்தேனே.