இன்னா வருது இன்னிக்கி?

"இன்னாபா வருது இன்னிக்கி?"

ஸ்கூட்டருக்கு ஸ்டாண்டு போடுவதற்குள் சுகாசினியின் குரல் தறிக்கூடத்துக்குள் போய்விடுகிறது. அப்புறம்தான் ஆள் போகிறாள். மரியாதையாக 'அவர்' என்று எழுதத்தான் நினைத்தேன். "அவரா? யாரு அது, எங்க மாமியாரா?" என்று கேட்டுவிட்டாள். ஆகவே 'அவள்'.

"அன்னம் வருதுக்கா. கழுத்து வரைக்கும் வந்துச்சு."

"எனக்கு வெறும் கட்டம்தான்க்கா. போரு."

"இரு இரு, மத்தியானம் பாரு, உனக்கு இன்னா காத்துக்கினு இருக்குதுன்னு!"

தறி தறியாகக் குனிந்து பார்க்கிறாள். அன்னத்தின் கழுத்தைப் பார்த்து, "ஐயோ, இன்னாமா வளைச்சிருக்கான்!" என்று கன்னத்தில் கை வைக்கிறாள். நடிப்பு என்றுதான் முதலில் நினைத்தேன். ஒரு வாரம் கூடவே சுற்றிய பிறகு சொல்கிறேன், நடிப்பில்லை. ஒவ்வொரு நாளும் அவளுக்கு அது புதிதாகத்தான் இருக்கிறது.

பிள்ளையார்பாளையத்தில் உள்ள இந்தப் பட்டுத் தறிக்கூடத்துக்கு அவள் சூப்பர்வைசர். ஐயம்பேட்டையிலிருந்து வருகிறாள். கூடத்துச் சாவிக்கொத்து கழுத்தில் ஒரு நீல நாடாவில் தொங்குகிறது. முன்பு ஒரு செல்போன் கம்பெனியில் வேலை பார்த்தபோது அடையாள அட்டை மாட்டியிருந்த நாடா அது. தறிச் சத்தத்தில் பேசிப் பேசிக் குரல் பெருத்துவிட்டது. வீட்டிலும் அப்படித்தானாம். அவள் போன் செய்தால் அவள் கணவர் போனை ஒரு முழம் தள்ளிப் பிடித்துக்கொண்டுதான் பேசுவார் என்று கூடமே சிரிக்கிறது.

'எவ்வளவு ஆச்சு?' என்று அவள் யாரையும் கேட்டு நான் பார்த்ததில்லை. ஏன் என்று கேட்டேன்.

"எவ்ளோ ஆச்சுன்னு கேட்டா நெய்யிறவன் கடிகாரத்தப் பாப்பான் சார். இன்னா வருதுன்னு கேட்டாதான் துணியப் பாப்பான்."

இதோடு விட்டிருந்தால் சரி. அவள் செய்கிற அக்கிரமம் இன்னொன்று இருக்கிறது. முந்தானையில் வரப்போகிற படத்தைக் காட்டவே மாட்டாள். படம் அவள் போனில் இருக்கிறது, போன் இடுப்பில் இருக்கிறது. தறிக்கு மேலே துளை போட்ட அட்டைகள் மாலை மாதிரி தொங்குகின்றன. அந்தத் துளைகளின்படி இழைகள் தூக்கிக் கொடுக்க, ஜரிகை வரி வரியாக ஏறிப் படம் வளர்கிறது. மொத்தமாக என்ன வரும் என்பது நெய்பவருக்கே தெரியாது. அதனால் முந்தானை ஆரம்பித்துவிட்டால் கூடம் முழுக்கப் பந்தயம்தான். சிவராஜ் என்கிற நெசவாளி, "மயிலு தோகைதான், எங்க வேணா சத்தியம் பண்றேன்" என்று குதித்தார். நாலு விரல் ஏறியதும் தோகை பனை ஓலையாகிவிட்டது. கூடத்துக்கே டீ வாங்கிக் கொடுத்தார். நானும் பெரிய மனுஷனாகத் தேர் என்று சொல்லி யாளியிடம் தோற்றேன். தோற்றதில் எனக்குக் கொஞ்சமும் வருத்தமில்லை. அடுத்தது என்ன என்று மறுநாள் காலை நானே ஓடி வந்து நின்றேன்!

இப்படி ஓடிக்கொண்டிருந்த கூடத்தில்தான் கல்லைப் போட்டார்கள். போட்டதில் பாதி சுகாசினியின் கை.

முதலாளி பிரேம்நாத் நல்ல பையன். சென்னையில் ஒரு ஓட்டலில் 'ஊழியர்களை உற்சாகமாக வைத்திருப்பது எப்படி' என்று பயிற்சி நடத்தினார்கள், போய்விட்டு வந்தார். வந்த கையோடு 'இந்த மாதத்தின் சிறந்த ஊழியர்' என்று கண்ணாடி போட்ட சட்டம் ஒன்று சுவரில் ஏறியது. "யாருக்கா பெஸ்ட்டு?" என்று போனில் கேட்டார். சுகாசினி யோசிக்கவே இல்லை. "வீரபாகு தறி" என்றாள்.

இங்கே தறியை அப்படித்தான் சொல்வார்கள், உட்கார்ந்து நெய்கிறவர் பெயரில். ஆனால் உடம்புக்கு ஒரு நிறமும் கரைக்கு வேறு நிறமுமாக வரும் கோர்வைச் சேலையை ஒரு ஆள் நெய்ய முடியாது. நெய்கிறவருக்கு வலப்பக்கம் இன்னொருவர் உட்கார்ந்து, இங்கே நாடா என்று சொல்கிற கரை நூல் ஓடத்தை எதிரே வீச வேண்டும். இரண்டு பேர் கையும் ஒரே மூச்சில் போய் வந்தால்தான் கரையும் உடம்பும் பிரியாமல் கோத்துக்கொள்ளும். வீரபாகுவுக்கு அப்படி வீசுகிற எதிர்க்கை அவர் மனைவி காவேரி. 'வீரபாகு தறி' என்றால் தெருவுக்கே இரண்டு பேர்தான். பிரேம்நாத்துக்கு அது ஒரு பேர்.

போட்டோ எடுத்து மாட்டிவிட்டார்கள். தறியில் உட்கார்ந்து வீரபாகு சிரிக்கிறார். படத்தின் ஓரத்தில், வெட்டியது போக, ஒரு முழங்கையும் நாலு கண்ணாடி வளையலும் தெரிகின்றன. வீரபாகு, பாவம், அதைப் பெருமையாக வாட்ஸப் ஸ்டேட்டஸில் வேறு வைத்தார். காவேரியின் அம்மா வீட்டிலிருந்து போன் வந்தது. "மாப்ளைக்குப் பரிசாமே! நீ இன்னாமா பண்ணிக்கினு இருக்குற?"

மறுநாள் காவேரி வரவில்லை. அதற்கடுத்த நாளும் இல்லை. திங்கட்கிழமை முதல் கம்பெனி வேலைக்குப் போகிறார், பஸ் தெருமுனைக்கே வந்து ஏற்றிக்கொள்ளும் என்று செய்தி வந்தது. தறியில் அரக்கு உடம்பும் மாம்பழக் கரையுமாக ஒரு கல்யாணச் சேலை பாதியில் நின்றது. வேறு யாரையாவது உட்கார வைக்கலாமே என்றேன்.

"பாதியில கை மாறினா கரை இழுத்துக்கும் சார். அத வுடுங்க. சேல போனா போவுது, அவ போயிடுவா சார்!" இதைச் சொல்லும்போது சுகாசினியின் பெரிய குரல் சின்னதாகிவிட்டது.

ஞாயிற்றுக்கிழமை சுகாசினி காவேரி வீட்டுக்குப் புறப்பட்டாள். ஸ்கூட்டரில் பின்னால் நான். காவேரி துணி மடித்துக்கொண்டிருந்தார். வீரபாகு எங்களைப் பார்த்ததும் தண்ணீர் கொண்டு வருகிற சாக்கில் உள்ளே போனவர், கடைசி வரை வரவில்லை.

"தப்பு என்னுதுமா," என்றாள் சுகாசினி. "தறி பேர சொல்லிட்டேன். உன் பேர சொல்லல."

"நீ ஒருத்தி சொல்லலன்னு இல்லக்கா. யாருமே சொன்னதில்ல. நானே சொன்னதில்ல. வீரபாகு தறிலேந்து வரேன்னுதான் நூல் வாங்க போவேன்." காவேரி ஒரு சட்டையை உதறினார். "கம்பெனில கழுத்துல அட்ட மாட்டுவாங்களாம்க்கா. போட்டோ போட்டு, பேரு போட்டு. முழுசா."

கம்பெனி மோசம், கால் வலிக்கும், பஸ்ஸிலேயே பாதி நாள் போய்விடும் என்று சுகாசினி அடுக்குவாள் என்று எதிர்பார்த்தேன். அவள் கழுத்து நாடாவைத் தொட்டுக்கொண்டாள்.

"நானும் மாட்டிக்கினு இருந்தேன்மா. மொத நாளு கண்ணாடி முன்னாடியே நின்னேன். நல்லாத்தான் இருந்துச்சு."

அவ்வளவுதான் பேசினாள். வா என்று கூடச் சொல்லவில்லை. திரும்பும்போது வண்டியில் எனக்குக் கோபமாக வந்தது. இவ்வளவு தூரம் வந்து இதையா சொல்வது? வாய்விட்டே கேட்டேன். "பொய் சொல்லி கூப்ட்டா எத்தினி நாளு சார் இருப்பா?" என்று ஹார்ன் அடித்தாள்.

திங்கட்கிழமை காலை. வீரபாகு மட்டும் வந்து, காலி இடத்துக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். சுவரில் சட்டத்தைக் காணோம். பிரேம்நாத்திடம் பேசி வெள்ளிக்கிழமையே இறக்கிவிட்டாளாம். ஸ்கூட்டர் வந்தது. குரல் வரவில்லை. ஆள் வந்தாள், நடுக்கூடத்தில் நின்றாள், பிறகு கூரை அதிர ஆரம்பித்தாள்.

"பட்டம்மா தறி! இன்னா வருது இன்னிக்கி?"

பட்டம்மாள் சிவராஜுக்கு எதிர்க்கை. சிவராஜ் அக்கம் பக்கம் பார்த்து, "யாரு, என்னையா?" என்றார். கூடம் கொல்லென்று சிரித்தது.

"உன்ன யாருபா கேட்டா? பட்டம்மாவ கேக்குறேன்!"

பட்டம்மாள் வெட்கத்தில் நாடாவைக் கீழே போட்டுவிட்டு, "வண்டு வருதுக்கா... ரெட்ட வண்டு," என்றார்.

"துர்காதேவி தறி!"

"கொடி வருதுக்கா!"

ஒவ்வொரு பெயராக அவள் கூப்பிடக் கூப்பிட, ஆண்களுக்குத் தங்கள் தறி எதுவென்றே தெரியவில்லை. ஒருவர் எழுந்து நின்றுவிட்டு உட்கார்ந்தார். "நாளைக்கி எங்களுக்குச் சம்பளத்தயாவது எங்க பேருல குடுப்பியா?" என்று சிவராஜ் கத்தினார். கோயில் திருவிழா போல இருந்தது. எனக்கும் ஒரு தறி கொடுத்தால் நெய்துவிடலாம் போல ஒரு துள்ளல்.

கடைசியாக அந்தத் தறிக்கு வந்தாள். வீரபாகுவைப் பார்க்கவில்லை. காலி இடத்தைப் பார்த்துக்கொண்டு, முன்னைவிடப் பெரிதாக, தெருவுக்கே கேட்கும்படி கூப்பிட்டாள்.

"காவேரி தறி!"

மறுபடியும் கூப்பிட்டாள். "காவேரி தறி!"

"ஏன்க்கா இப்டி கத்துற, தெருவே பாக்குது," என்று பின்னாலிருந்து குரல். வாசலில் காவேரி. தோளில் பை, தலையில் பூ, பஸ்ஸுக்குக் கிளம்பிய கோலம். "டிபன் டப்பா இங்கயே இருக்குது. எடுத்துக்கினு போலாம்னு வந்தேன்."

டப்பா தறிக்குக் கீழேதான் இருந்தது. காவேரி செருப்பை விட்டுவிட்டு உள்ளே வந்து குனிந்தார். குனிந்தவர் டப்பாவை எடுக்கவில்லை; துணியைப் பார்த்தார். கரையை விரலால் நீவினார்.

"முந்தி இன்னிக்கி ஏறணுமே," என்றார் காவேரி, யாரிடம் என்றில்லாமல்.

"காவேரி தறியாம்," என்றார் வீரபாகு. "எனக்கு வேல உண்டான்னு கேட்டுச் சொல்லு."

காவேரி பையை இறக்கிவிட்டுத் தன் இடத்தில் உட்கார்ந்தார். கரை நாடாவைக் கையில் எடுத்தார். அப்போது தெருமுனையில் கம்பெனி பஸ்ஸின் ஹார்ன் நீளமாக ஒலித்தது. நாடா கையிலேயே நின்றது. கூடத்தில் அத்தனை தறியும் நின்றது. வாசலில் காவேரியின் செருப்பு, உடனே மாட்டிக்கொண்டு ஓடலாம் என்பதுபோல, தெருவைப் பார்த்துக் கிடந்தது.

சுகாசினி விறுவிறுவென்று வாசலுக்குப் போனாள். குனிந்து, அந்தச் செருப்பு இரண்டையும் தன் கையால் எடுத்து, உள்ளே கொண்டுவந்து சுவரோரமாகச் சேர்த்து வைத்தாள்.