அத்தான் சொன்ன ஆமா

நியூசிலாந்தில், தகனினியில் இருக்கிற எங்கள் வீட்டுக் கராஜில், உடுப்புத் தோய்க்கும் மெஷினுக்கு மேலே அடித்த ஆணியில், அத்தானின் மழைக்கோட்டு தொங்குகிறது. செம்மஞ்சள் நிறம். முதுகில் களிமண் காய்ந்து வெடித்துக் கிடக்கிறது. நெஞ்சுப் பக்கத்துப் பை ஒரு போனின் அளவுக்கு அப்படியே இழுபட்டு நிற்கிறது. "இதை ஒருக்காலெண்டாலும் கழுவுமன்" என்று என் கணவர் சொல்லிச் சொல்லிக் களைத்துவிட்டார். நான் கழுவமாட்டேன். அந்தப் பைக்குள் ஒருநாள் என் குரல் இருந்தது.

அத்தான் என் அக்காவின் கணவர், மன்னார்க்காரர். ஆக்லாந்தின் தெற்கே வீடுகள் முடிந்து மலையும் மாடும் தொடங்குகிற பக்கங்களுக்குத் தபால் கொண்டுபோகிற ஒப்பந்தம் அவரிடம் இருந்தது. தபால் வானை அவர் ஓட்டுவார். நான் பக்கத்தில் இருந்து அடுத்த பெட்டிக்கு உரியதை மடியில் எடுத்து வைப்பேன். நான் ஒரு பிறவிப் பயந்தாங்கொள்ளி. படலையில் நாய் நின்றால் பயம், ஒற்றைப் பாலம் வந்தால் பயம், பெரிய லொறி எதிரே வந்தால் மடு மாதாவைக் கூப்பிட்டுவிடுவேன். "மச்சாளுக்குப் பயப்பிட ஒண்டும் கிடைக்காட்டி, ஏன் ஒண்டும் இல்லையெண்டு பயப்பிடுவா" என்று அத்தான் அக்காவிடம் சொல்லிச் சிரிப்பார். ஆனால் அவருக்கும் ஒரு பயம் இருந்தது. சண்டைக் காலத்தில் இந்தியாவுக்குப் படகேறியவர் அவர். அந்தக் கடலில் என்ன கண்டாரோ, ஒருநாளும் சொன்னதில்லை. இங்கே நாங்கள் கடற்கரைக்குப் போனால் சப்பாத்தைக் கழற்றாமல் புல்லில் இருந்துகொண்டு, பிள்ளைகளை எண்ணியபடியே இருப்பார்.

சில வருடங்களுக்கு முன்னர் அடித்த ஒரு புயலில் எங்கள் பாதையின் கடைசித் துண்டை மலை சரிந்து மூடிவிட்டது. அதற்கப்பால் ஒரேயொரு வீடு, அதில் தனியாக ஒரு கிழவர். அவருக்கு இன்சுலின் எங்கள் வானில்தான் போகும். பொதி வந்து மடியில் கிடக்கிறது, போக வழியில்லை. கையில் இருந்ததெல்லாம் முடிந்துவிட்டதென்று அவருடைய மகள் அவுஸ்திரேலியாவில் இருந்து அழுதாள். ஹெலிகொப்டர் நாளைக்குத்தான் என்றார்கள். அத்தான் பொதியைக் கையில் எடுத்து, திருப்பித் திருப்பிப் பார்த்தார். "எங்கடை அப்பாவும் மருந்து வாறதுக்குக் காத்திருந்துதான் போனவர்" என்றார். அவ்வளவுதான் சொன்னார். அவர் போகத்தான் போகிறார் என்று அப்போதே எனக்குத் தெரிந்துவிட்டது.

சரிவுக்குப் பக்கத்தில் ஒரு வெள்ளைக்கார மனுசி குதிரை வளர்த்தாள். காட்டுக்குள்ளால் சுற்றிப் போகிற பழைய ஒற்றையடிப் பாதை ஒன்று இருக்கிறது, நடுவில் ஆறு குறுக்கிடும், மனிதர் இறங்கினால் இழுத்துக்கொண்டு போய்விடும், என் கிழட்டுக் குதிரை என்றால் கடக்கும் என்றாள். அவளுக்கோ இடுப்பு எலும்பு மாற்றிய உடம்பு, ஊன்றுகோலுடன் நிற்கிறாள். நான் அத்தானைப் பார்த்தேன். "மன்னாரிலை கழுதை ஏறாத பொடியன் ஆர்? குதிரை கழுதைக்கு ஒண்டுவிட்ட சகோதரம்தானே" என்றார் அவர். சிரிக்கத்தான் சொன்னார், ஆனால் உதடு வெளுத்திருந்தது. அந்த மனுசி கடிவாளத்தைக் கொடுத்தபோது ஒன்று சொன்னாள். பயம் வந்தால் 'ஹோம்' என்று ஒரு சொல் சொன்னால் போதும், எங்கே நின்றாலும் குதிரை திரும்பி என் வாசலுக்கு வந்துவிடும் என்றாள். நல்லதென்று தலையாட்டினோம். எங்கள் நாக்கில் ஹோட்டலே ஓட்டலாகத்தான் விழும் என்பது எங்கள் ஒருவருக்கும் ஞாபகம் வரவில்லை.

இரண்டு கையும் கடிவாளத்துக்கு வேண்டும் என்று அத்தானின் போனுக்கு என் போனில் இருந்து அழைத்து, அதை ஸ்பீக்கரில் போட்டு அவருடைய கோட்டின் நெஞ்சுப் பைக்குள் வைத்துவிட்டேன். "நீர் இஞ்சயே நில்லும் மச்சாள், சும்மா கதைச்சுக்கொண்டிரும், எனக்கும் ஒரு துணை" என்றுவிட்டுப் போனார். நானும் அந்த மனுசியும் மேட்டில் நின்று பார்த்தோம். மழை தூறிக்கொண்டிருந்தது. செம்மஞ்சள் கோட்டு பற்றைகளுக்கு இடையே தெரிந்தும் மறைந்தும் போனது. "அத்தான், கேக்குதோ?" என்றேன். "ஓம், ஓம்" என்றார். குதிரை சட்டென்று நின்று, அந்த ஒடுங்கிய பாதையிலேயே முழுசாகத் திரும்பியது. அதன் பின்னங்கால் விளிம்பில் வழுக்கி, மண் பொலபொலவென்று பள்ளத்தில் கொட்டியதைக் கண்ணால் கண்டேன். ஏதோ வெருண்டுவிட்டது என்று அத்தான் தட்டிக் கொடுத்துத் திருப்பிக்கொண்டு போனார்.

ஆற்றில் இறங்கியபோது போனில் தண்ணீரின் இரைச்சல் மட்டுமே கேட்டது. அத்தானின் மூச்சு நாய் இளைப்பதுபோல் இளைத்தது. எனக்கு வாய் சும்மா இருக்கமாட்டேன் என்றது. "தண்ணி கூடவோ அத்தான்?" என்றேன். "ஓம்!" என்றார். நட்டாற்றில் குதிரை திரும்பியது. "மாதாவே!" என்று அவர் கத்தினது போனிலும் கேட்டது, காற்றிலும் கேட்டது. பக்கத்தில் நின்றவள் என் தோளைப் பிடித்து உலுக்கி, வழி நெடுக உன் ஆள் ஏன் குதிரையை வீட்டுக்குப் போ, வீட்டுக்குப் போ என்று சொல்லுகிறான் என்று கேட்டாள். எங்கள் ஓம்தான் குதிரையின் காதில் ஹோம் என்று அப்போதுதான் எனக்கு மண்டையில் ஏறியது. "அத்தான்! ஓம் எண்டு சொல்லாதையுங்கோ!" என்று அலறினேன். அந்த மனுசன் என்ன சொன்னார் தெரியுமா? "ஓம் ஓம், இனிச் சொல்லேல்லை" என்றார். குதிரை இன்னொரு சுற்றுச் சுற்றியது. நான் தலையில் அடித்துக்கொண்டு, "ஆமா எண்டு சொல்லுங்கோ! இந்தியாக்காரர் மாதிரி ஆமா எண்டு சொல்லுங்கோ!" என்று கத்தினேன். கொஞ்ச நேரம் இரைச்சல். பிறகு, அழுகையா சிரிப்பா என்று தெரியாத குரலில், "ஆமா" என்றார். குதிரை நேரே நடந்து கரையேறியது. ஆமா என்றால் என்ன என்று அவள் கேட்டாள். அதுவும் அதேதான் என்றேன். அவள் என்னை ஒரு மாதிரிப் பார்த்தாள்.

கிழவர் கையில் பொதி சேர்ந்தது. "மனுசன் என்ரை கையைப் பிடிச்சு அழுதுபோட்டான், மச்சாள்" என்று அத்தான் சொன்னபோது நானும் அழுதேன். குளிருக்குப் போர்வை எடுத்து வருகிறேன் என்று குதிரைக்காரி தன் வீட்டுப் பக்கம் நடந்தாள். அவள் போன பிறகுதான் மூடுபனியாகப் புகார் இறங்கியது. காடு, பாதை, ஆறு எல்லாம் வெள்ளையாகிவிட்டன. அத்தான் ஏதோ கதைத்துக்கொண்டு வந்தார், அக்காவிடம் இதைச் சொல்லக் கூடாது என்பது போல ஏதோ. திடீரென்று ஒரு கொப்பு முறிகிற சத்தம். 'ஹக்' என்று ஒரு சத்தம். அதற்குப் பிறகு கதை இல்லை.

"அத்தான்" என்றேன். பதில் இல்லை. "அத்தான்!" தண்ணீர் இரைந்தது, குதிரை செருமியது, வேறொன்றும் இல்லை. ஆள் விழுந்துவிட்டாரா, குதிரைமேல் கிடக்கிறாரா, ஆற்றுக்கு இந்தப் பக்கமா அந்தப் பக்கமா, ஒன்றும் தெரியாது. என் வாழ்நாளில் நான் பட்ட பயமெல்லாம் அந்த நிமிடத்துக்கு ஒத்திகைதான் போலிருந்தது. அக்காவின் முகத்தில் எப்படி முழிப்பேன் என்ற ஒன்றுதான் மனதில் நின்றது. அப்போது அந்தச் சொல் நினைவு வந்தது. ஹோம் என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். என் நாக்கில் வெறும் ஓம்தான் வந்தது. "ஓம்" என்றேன் போனுக்குள். ஒன்றுமில்லை. "ஓம்! ஓம்!" என்று பலமாகக் கத்தினேன். குளம்பு ஒன்று சேற்றில் இருந்து பிடுங்குப்படுகிற சத்தம் கேட்டது. பிறகு இன்னொன்று. நான் நிறுத்தவில்லை. ஆற்றுக்குள் இறங்கியது கேட்டது, ஓம் என்றேன். ஏறியது கேட்டது, ஓம் என்றேன். தொண்டை கட்டிக் குரல் போன பிறகும் காற்றாகச் சொல்லிக்கொண்டே நின்றேன். புகாருக்குள் இருந்து குதிரையின் முகம் முதலில் வந்தது. அதன் கழுத்தைக் கட்டிக்கொண்டு, நெற்றியில் இரத்தம் வடிய, பாதி மயக்கத்தில் அத்தான் கிடந்தார்.

தையல் போட்டு, தோள் எலும்பைக் கட்டி வீட்டுக்கு அனுப்பினார்கள். அக்கா ஒரு கிழமை இருவரோடும் கதைக்கவில்லை. அத்தானோ வருகிறவர் போகிறவர் எல்லோருக்கும் கதை சொன்னார். "முந்தி அமெரிக்காவிலை குதிரையிலைதானாம் தபால் கொண்டு ஓடினவங்கள். காடு, மலை, ஆறு எல்லாம் தாண்டிப் போனவங்கள் எண்டு பெருமை. ஒருத்தனையாவது மச்சாள் போனிலை மேய்ச்சவாவோ?" என்பார். அன்று தொடக்கம் என்னிடம் மட்டும் அவர் ஓம் சொன்னதில்லை. தேத்தண்ணி வேணுமோ என்றால் ஆமா. சோறு போடவோ என்றால் ஆமா. ஏன் இப்படி என்றால், "ஓம் எண்டால் திரும்பி வரவேண்டிக் கிடக்கும். வந்த வழியிலை திரும்பப் போக எனக்கு ஏலாது, மச்சாள்" என்று கண்ணைச் சிமிட்டுவார்.

போன மாரியில் அவருக்கு இருதயத்தில் ஒப்பரேஷன். தள்ளுகட்டிலில் கொண்டுபோகையில் அக்கா ஒரு பக்கம், நான் ஒரு பக்கம். பச்சைத் தொப்பிக்குக் கீழே அந்த நெற்றித் தழும்பு தெரிந்தது. அன்று மேட்டில் நின்றபோது வந்த அதே பயம் திரும்பவும் வந்தது. "அத்தான், திரும்பி வருவியள்தானே?" என்று கேட்டேன். கேட்கும்போதே, ஓம் என்று சொல்லுங்கோ, இந்த ஒருக்கால் மட்டும் ஓம் என்று சொல்லுங்கோ என்று உள்ளுக்குள் கெஞ்சினேன். அவர் என்னைப் பார்த்தார். பழைய குறும்புச் சிரிப்பு வந்தது. "ஆமா" என்றார். கதவு சாத்திக்கொண்டது. அவர் வரவில்லை.

இன்று காலையும் மழை. என் மகள் நியூ லினில் வேலைக்குப் போக, கராஜில் காரை எடுக்க வந்தாள். மோட்டர்வே முழுக்கத் தண்ணீர் என்று செய்தியில் சொன்னார்கள். "வந்திடுவாய்தானே?" என்றேன். "யா, யா" என்றாள், இங்கே பிறந்த பிள்ளை. "ஓம் எண்டு சொல்லு" என்றேன். அத்தானின் மழைக்கோட்டை ஒருதரம் பார்த்தாள், என்னையும் பார்த்தாள். "ஓம் அம்மா" என்றாள். கார் போய்விட்டது. கதவு இறங்கி மூடிய பிறகு நான் அந்தக் கோட்டுக்குக் கிட்டப் போனேன். இழுபட்ட பையின் வாயைக் கையால் விரித்து, அதற்குள் முகத்தை வைத்து, மெல்ல ஒருதரம் சொன்னேன்: ஓம்.