தாடையால் கேட்ட கடல்

என் கணவரின் இரண்டு காதுகளும் வெடியில் செவிடாகிப் போயின. உப்புவெளிக் கடலில் வெடி போட்டு மீன் பிடிக்கும்போது ஒருநாள் திரி முந்திக்கொண்டது. கை தப்பியதே பெரிய காரியம். இனியாவது விடுவார் என்று பார்த்தேன். "இனிப் போறதுக்கு என்ன கிடக்கு?" என்று திரும்பவும் போனார். கை கிடக்கிறது, கண் கிடக்கிறது என்று நான் கத்தியது ஊருக்கே கேட்டது. பழகியவர்களின் உதட்டைப் பார்த்தே எல்லாம் விளங்கிக்கொள்கிற மனிதர், நான் ஏசத் தொடங்கினால் மட்டும் முகத்தைத் திருப்பிக்கொள்வார்.

பின்னேரங்களில் றேடியோப் பெட்டியில் தாடையை அழுத்திப் பாட்டுக் கேட்பார். எலும்பு வழியே கொஞ்சம் உள்ளே போகுமாம். றேடியோவைக் கொஞ்சுகிற மாப்பிள்ளை என்று பகிடி பண்ணுவேன்.

எண்பதுகளின் தொடக்கத்தில், திமிங்கிலங்களைக் காப்பாற்ற ஆராய்ச்சி செய்கிறேன் என்று கொழும்பிலிருந்து ஒரு பெண் வந்து எங்கள் வள்ளத்தை வாடகைக்குக் கேட்டாள். அவள் சொல்வதை அவருக்கு விளங்கப்படுத்த நானும் ஏறினேன். துறைமுக வாயைத் தாண்டி ஆழக்கடலில் இயந்திரத்தை நிறுத்தி, வயரில் கட்டிய மைக்கை நீருக்குள் இறக்கினாள். ஒலிபெருக்கிப் பெட்டியில் முதலில் வெறும் இரைச்சல். பிறகு டக், டக், டக். யாரோ நிதானமாகக் கதவு தட்டுவது போல.

"திமிங்கிலம், அக்கா. கீழ இருட்டு. சத்தம் போட்டுத்தான் இரை தேடுது."

இன்னொரு தட்டல் சேர்ந்தது. பிறகு மற்றொன்று. நான் ஊமை என்று நினைத்திருந்த கடலுக்குள் இத்தனை பேர் குடியிருந்தார்கள்.

கணவர் யாரையும் கேட்காமல் பெட்டியைத் தூக்கித் தாடையில் வைத்தார். அவர் கண் நிறைந்தது. "கேக்குதடி," என்றார்.

அப்போது தொலைவில் யாரோ வெடி போட்டார்கள். நீருக்கு மேலே எங்களுக்குக் கேட்டது ஒரு சின்னத் தொம். பெட்டிக்குள் விழுந்தது இடி. அவர் தலையை வெடுக்கென்று இழுத்தார். மறுபடி தாடையை வைத்தபோது ஒரு தட்டலும் இல்லை. வெகுநேரம் அப்படியே காத்திருந்தார்.

"நான் போட்டதுகளும் இதுகளுக்குக் கேட்டிருக்குமோ?"

வருஷக்கணக்காகச் சேர்த்துவைத்த ஏச்சு என்னிடம் இருந்தது. அவர் என் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஓம்," என்று தலையாட்டினேன்.

அடுத்த நாள் அவருடைய வெடிக் கூட்டாளி வேலியடியில் வந்து நின்றார்.

"மச்சான், பாரை மீன் கூட்டம் வந்திருக்கு. வெளிக்கிடு!"

கணவர் முகத்தைத் திருப்பவில்லை. கூட்டாளியின் வாயை நேராகப் பார்த்தபடி தன் காதைத் தொட்டுக் காட்டினார்.

"எனக்குக் காது கேக்காது, மச்சான்."