கோழியைத்தான் தொட்டேன்

பார்க்கிங் என்ற ஆங்கிலேய ஊரில் ஒரு கடையில் நான் கல்லாவில் நின்ற காலத்தில், எங்கள் காவலாளி ஒரு வங்கதேசக்காரர். ஒருகாலத்தில் தன் நாட்டுக் கால்பந்து அணியில் தடுப்பாட்டக்காரராக ஆடியவர். அறுபது வயதிலும் யார்மேலும் கைவைக்க மாட்டார், அது ஃபவுலாம்.

ஒரு மத்தியானம் ஒருவன் உறைந்த கோழியொன்றைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வாசலுக்கு ஓடினான். “பிடியுங்கோ, பிடியுங்கோ!” என்று பதற்றத்தில் தமிழிலேயே கத்தினேன். அவர் பிடிக்கவில்லை. கைகளை முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு, அவன் இடப்பக்கம் போனால் இடப்பக்கமும் வலப்பக்கம் போனால் வலப்பக்கமும் மறித்தார். தடுமாறியதில் கோழி அவன் கையிலிருந்து நழுவியது. அது தரையில் விழுந்ததும் இவர் சறுக்கிப் போய் அதை அரிசி மூட்டைகளுக்குள் உதைத்தார்.

கிடந்தபடியே இரண்டு கைகளையும் தூக்கி, “கோழியைத்தான் தொட்டேன்!” என்று என்னிடம் ஆங்கிலத்தில் முறையிட்டார்.

திருடன் ஓடியிருக்கலாம். ஆனால் நின்று, “உண்மைதான், என்னில் படவே இல்லை” என்று சாட்சி சொன்னான்.

அவருக்கு முழங்கால் பிடித்துவிட்டது, எழும்ப ஏலவில்லை. நானும் திருடனுமாகத் தூக்கிக் கதிரையில் இருத்தினோம். அவருடைய மகள் காரில் வரும்வரை, அவன் பக்கத்தில் குந்தியிருந்து அவர் ஆடிய ஆட்டங்களைப் பற்றிக் கேட்டான். எனக்கு வெட்கமாக இருந்தது. நாலு வருடமாக நான் அப்படி ஒன்றும் கேட்டதில்லை.